வரிசை மாற்றாமல் பார்க்க வேண்டிய மூன்று படங்கள்: பாப் கானலி, ராபின் ஆண்டர்சனின் நியூ கினி டிவிடிகள்

சிட்னியில் இருக்கும் அத்தை மகன் போன பொங்கலுக்கு ஊருக்கு வந்தபோது எனக்காக மூன்று டிவிடி கொண்டுவந்தான். அதற்கு முன்னால் நானே ஆன்லைனில் ஒரு விற்பனையாளரிடம் ஆர்டர் போட்டு இரண்டு மாதம் காத்திருந்தேன். வந்த டிஸ்க்கின் விளிம்பில் விரிசல். மெயில் போட்டால் பதிலே இல்லை, பணம் போனது போனதுதான். அதனால் இந்த மூன்றும் கைக்கு வந்தபோது பெட்டியைத் திறந்து ஒவ்வொன்றையும் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டுத்தான் உள்ளே வைத்தேன். இப்போது மூன்றையும் இரண்டு முறை பார்த்து முடித்தாயிற்று. இதைப் பற்றித் தமிழில் யாராவது விரிவாக எழுதியிருக்கிறார்களா என்று தேடினேன், கண்ணில் படவில்லை, அதனால் நானே எழுதுகிறேன்.

படங்களின் பெயர் ‘ஃபர்ஸ்ட் கான்டாக்ட்’ (1983), ‘ஜோ லேஹீஸ் நெய்பர்ஸ்’ (1989), ‘பிளாக் ஹார்வெஸ்ட்’ (1992). மூன்றும் ஆவணப்படங்கள். எடுத்தவர்கள் பாப் கானலி, ராபின் ஆண்டர்சன் என்ற ஆஸ்திரேலியத் தம்பதி. மூன்றும் நடப்பது ஆஸ்திரேலியாவுக்கு வடக்கே இருக்கும் பப்புவா நியூ கினி நாட்டின் நடுவே இருக்கும் மேட்டுநிலத்தில், அதிலும் பெரும்பாலும் மவுன்ட் ஹேகன் என்ற ஊர்ப் பக்கம். முதல் படம் ஒரு மணி நேரத்துக்குள் முடிந்துவிடும், மற்ற இரண்டும் ஆளுக்கு ஒன்றரை மணி நேரம்.

முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: இதை வரிசையாகத்தான் பார்க்க வேண்டும். மூன்றாவதுதான் சிறந்தது என்று எல்லோரும் சொல்கிறார்களே என்று நேராக அதைப் போட்டுவிடாதீர்கள். நல்ல படம்தான், தனியாகப் பார்த்தாலும் புரியும், ஆனால் ஏன் இப்படி ஆனது என்ற கேள்விக்கு விடை முதல் படத்தில் இருக்கிறது. ஒரு சிப்பியில் இருக்கிறது என்றுகூடச் சொல்லலாம். அதற்கு வருகிறேன்.

‘ஃபர்ஸ்ட் கான்டாக்ட்’ கதை இதுதான். 1930 வரைக்கும் வெளியுலகம் நியூ கினியின் நடுப்பகுதியை ஆள் இல்லாத மலை என்று நினைத்துக்கொண்டிருந்தது. கடலோரத்திலிருந்து பார்த்தால் அடுக்கடுக்காக மலைதான் தெரியும், அதற்குப் பின்னால் என்ன இருக்கிறது என்று அநேகமாக யாரும் போய்ப் பார்க்கவில்லை. மிக் லேஹி என்ற ஆஸ்திரேலியர் தங்கம் தேடிக்கொண்டு ஒரு கூட்டாளியோடும் கடலோரத்துச் சுமைக்காரர்களோடும் மலையேறுகிறார். ஏறிப் பார்த்தால் அந்தப் பக்கம் புல்வெளிப் பள்ளத்தாக்குகள், இரவானால் கண்ணுக்கு எட்டிய தூரம்வரை நெருப்பு வெளிச்சம். ஆள் இல்லை என்று நினைத்த இடத்தில் பத்து லட்சம் பேர் அளவில் மக்கள் வாழ்ந்துகொண்டிருந்தார்கள். அந்த இரவு மிக் லேஹியின் கூட்டத்தார் பயத்தில் தூங்கவில்லை. அப்புறம் அவருடைய தம்பிகளும் சேர்ந்துகொள்ள, சில வருஷங்களில் மேட்டுநிலத்தின் உள்ளே உள்ளே போய்க்கொண்டே இருந்தார்கள்.

மிக் லேஹி கையில் கேமரா இருந்தது. புகைப்படம் மட்டும் இல்லை, 16 எம்எம்மில் சினிமாவும் எடுத்திருக்கிறார். வெள்ளைக்காரனை வாழ்க்கையில் முதல்முறை பார்க்கும் மனிதர்களின் முகம், அந்த நொடியிலேயே, படச்சுருளில் பதிவாகியிருக்கிறது. யோசித்துப் பாருங்கள், உலகத்தில் எத்தனை இடத்தில் இப்படி ஒரு சந்திப்பு நடந்திருக்கும், அதில் எத்தனைக்கு அசையும் படம் இருக்கும்? அந்தச் சுருள்களைத் தேடி எடுத்ததே இந்தத் தம்பதியின் பெரிய வேலை. ஆனால் அதை மட்டும் காட்டியிருந்தால் இது ஒரு அருங்காட்சியகச் சமாச்சாரமாக முடிந்திருக்கும். அவர்கள் ஐம்பது வருஷம் கழித்து அதே ஊர்களுக்குப் போய், அன்றைக்குச் சிறுவனாக, சிறுமியாக, இளைஞனாக இருந்து இன்றைக்குக் கிழவன் கிழவியாக இருப்பவர்களிடம் அந்தப் பழைய படங்களைக் காட்டி, அன்றைக்கு நீங்கள் என்ன பார்த்தீர்கள் என்று கேட்கிறார்கள். படத்தின் உயிரே அங்கேதான் இருக்கிறது.

அவர்கள் சொல்வது அவ்வளவு துல்லியம். வந்தவர்களைச் செத்துப்போன முன்னோர்கள் திரும்பி வந்திருக்கிறார்கள் என்று நினைத்திருக்கிறார்கள். சுமைக்காரர்களில் ஒருவனைப் பார்த்து, இவன் இறந்துபோன எங்கள் உறவுக்காரன்தான் என்று அழுதிருக்கிறார்கள். சரி, நம்பிவிட்டு அப்படியே இருந்துவிட்டார்களா? இல்லை, சோதித்திருக்கிறார்கள். ஒருவர் ஒளிந்திருந்து, வெள்ளைக்காரன் ஒதுங்கிப் போன இடத்தை அவன் போன பிறகு போய்ப் பார்த்து, தோல் வேறு மாதிரி இருந்தாலும் நாற்றம் நம்முடையது மாதிரியேதான் இருக்கிறது என்று ஊருக்கு வந்து சொல்லியிருக்கிறார். பெண்கள் அவர்களோடு படுத்த பிறகு, இவர்கள் ஆவி இல்லை, ஆம்பளைகள்தான் என்று தெரிந்துகொண்டதாகச் சொல்கிறார்கள். கேமராவுக்கு முன்னால், எந்தக் கூச்சமும் இல்லாமல். அந்த மக்கள் ஏமாளிகள், வாயைப் பிளந்து நின்றார்கள் என்று ஒரு கதை உலகம் முழுக்கச் சொல்லப்பட்டிருக்கிறது. இங்கே பார்த்தால், புரியாத ஒன்று கண் முன்னால் வந்து நிற்கும்போது எந்த விஞ்ஞானியும் என்ன செய்வானோ அதைத்தான் அவர்கள் செய்திருக்கிறார்கள்.

வெள்ளைக்காரர்கள் தூக்கிப்போட்ட தகர டப்பா மூடிகளைப் பொறுக்கி நகையாக அணிந்திருக்கிறார்கள். கிராமபோனைக் கேட்டு, பெட்டிக்குள் இருப்பது முன்னோர்களின் குரல் என்று நினைத்திருக்கிறார்கள். விமானம் இறங்க ஓடுதளம் வேண்டும் என்றபோது நூற்றுக்கணக்கான பேர் கைகோத்து ஆடியே மண்ணை மிதித்துச் சமன் செய்திருக்கிறார்கள், அந்தக் காட்சி படத்தில் இருக்கிறது. முதல் விமானம் இறங்கியபோது குப்புற விழுந்தோம் என்று சொல்லிச் சொல்லிச் சிரிக்கிறார்கள். நாமும் சிரிக்கிறோம். அடுத்த நிமிஷமே துப்பாக்கி வருகிறது. முதலில் ஒரு பன்றியைச் சுட்டுக் காட்டுகிறார்கள், இது என்ன செய்யும் என்று தெரிந்துகொள்ளட்டும் என்பதற்காக. பிறகு மனிதர்களையும் சுட்டிருக்கிறார்கள். யார் செத்தார், எப்படி விழுந்தார் என்று சொந்தக்காரர்கள் சொல்கிறார்கள். இன்னொரு பக்கம், உயிரோடு இருந்த இரண்டு லேஹி தம்பிகள் கிழவர்களாக உட்கார்ந்து, வேறு வழி இருக்கவில்லை என்கிற தொனியில் பேசுகிறார்கள். படம் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துவிட்டு நகர்கிறது. பின்னணி இசை போட்டு நம் கண்ணைப் பிழியும் வேலை எதுவும் இல்லை.

இப்போது அந்தச் சிப்பிக்கு வருகிறேன். மேட்டுநிலத்தில் கடல் கிடையாது. கடல் சிப்பி கை மாறிக் கை மாறி மலையேறி வந்து சேர வேண்டும், அதனால் அதற்கு மதிப்பு அதிகம். பெண் கொடுக்கல் வாங்கலுக்குச் சிப்பி, பன்றிக்குச் சிப்பி, ஊரில் பெரிய மனிதனாக நிற்கச் சிப்பி. லேஹி சகோதரர்கள் இதைக் கவனித்துவிட்டுக் கடலோரத்திலிருந்து விமானத்தில் சிப்பியைக் கொண்டுவந்து இறக்க ஆரம்பித்தார்கள். அதைக் கொடுத்துச் சோறு வாங்கினார்கள், ஆள் வேலைக்கு எடுத்தார்கள். மூட்டை மூட்டையாக வந்தால் என்ன ஆகும்? தலைமுறை தலைமுறையாகச் சேர்த்த மதிப்பு நாளடைவில் கரைந்துபோனது. அந்தச் சிப்பியின் பெயர் கினா. சுதந்திரம் வந்த 1975ஆம் வருஷத்தில் நாட்டின் நாணயத்துக்கும் அதே பெயரைத்தான் வைத்தார்கள். இதை மனதில் வைத்துக்கொண்டு மூன்றாவது படத்துக்குப் போங்கள், காபி விலை விழும் இடம் வேறு மாதிரி தெரியும்.

இந்த முதல் படம் ஆஸ்கர் பரிந்துரைப் பட்டியல்வரை போனது. அதோடு நிறுத்திக்கொண்டு அடுத்த நாட்டுக்குப் போயிருக்கலாம். இவர்கள் போகவில்லை, படத்தில் தென்பட்ட ஒரு நூலைப் பிடித்துக்கொண்டு அங்கேயே திரும்பி வந்தார்கள். மிக் லேஹிக்கு மேட்டுநிலப் பெண்கள் மூலம் பிள்ளைகள் உண்டு. அவர் அவர்களைத் தன் பிள்ளைகள் என்று ஏற்றுக்கொள்ளவே இல்லை. அதில் ஒருவர்தான் ஜோ லேஹி.

இரண்டாவது படம் முழுக்க ஜோ லேஹிதான். நெபில்யர் பள்ளத்தாக்கில் கனிகா என்ற குலத்தாரிடமிருந்து, நாடு சுதந்திரம் அடையும் சமயத்தில், நிலம் வாங்கி கிலிமா என்ற காபித் தோட்டத்தை உண்டாக்கியவர். படம் எடுக்கும்போது அவர் பணக்காரர், மெர்சிடிஸ் கார் வைத்திருக்கிறார். வேலிக்கு அந்தப் பக்கம் நிலம் கொடுத்தவர்கள் பழையபடியே இருக்கிறார்கள். அவர்கள் கணக்கு எளிமையானது. உன்னை இங்கே கொண்டுவந்து உட்கார வைத்தது நாங்கள், நீ வளர்ந்தால் நாங்களும் வளர்வோம் என்றுதானே நிலம் கொடுத்தோம், எங்கள் பங்கு எங்கே? ஜோவின் கணக்கும் எளிமையானதுதான். காசு கொடுத்து வாங்கினேன், பத்திரம் இருக்கிறது, வேலை செய்தவன் நான், லாபம் என்னுடையது.

இதில் யார் சரி? எனக்கு ஒவ்வொரு காட்சிக்கும் மனசு மாறியது. ஹேகன் பக்கத்தில் மோக்கா என்று ஒரு வழக்கம் உண்டு. பன்றியும் சிப்பியும், இப்போது பணமும், ஒரு குழு இன்னொரு குழுவுக்கு அள்ளிக் கொடுக்கும், வாங்கியவன் பிறகு அதைவிட அதிகமாகத் திருப்ப வேண்டும். யார் அதிகம் கொடுக்கிறானோ அவன்தான் அங்கே பெரிய மனிதன். சேர்த்து வைத்துக்கொள்பவனுக்கு அந்த ஊர்க் கண்ணில் மரியாதை கிடையாது. ஜோவுக்கு இது நன்றாகத் தெரியும், அவர் அந்த மண்ணில் வளர்ந்தவர், அந்த மொழியில் பேசுபவர், அவ்வப்போது கொடுக்கவும் செய்கிறார். ஆனால் தோட்டம் நடத்துவது என்பது சேர்த்து வைத்து, திரும்பப் போட்டு, வங்கிக் கடன் கட்டி ஓட வேண்டிய சமாச்சாரம். இரண்டு உலகத்தின் விதியையும் ஒரே மனிதன் ஒரே நாளில் கடைப்பிடிக்க முடியுமா என்பதுதான் படம் முழுக்க ஓடும் பதற்றம். எங்கள் ஊர்ப் பக்கம் பங்காளிக்குள் நிலத் தகராறு பார்த்தவர்களுக்கு அந்த வேலியோரப் பேச்சுகளில் எதுவுமே அந்நியமாகத் தெரியாது.

இங்கே படமெடுத்தவர்களைப் பற்றிச் சொல்ல வேண்டும். கானலி கேமரா, ஆண்டர்சன் ஒலிப்பதிவு, அவ்வளவுதான் குழு. பதினெட்டு மாதம் அந்தத் தோட்டத்தின் விளிம்பில், ஜோவுக்கும் கனிகா மக்களுக்கும் நடுவில் இருந்த நிலத்தில் குடியிருந்திருக்கிறார்கள். பதினெட்டு மாதம்! இரண்டு வாரம் போய் நான்கு பேட்டி எடுத்துக்கொண்டு வந்து அந்த நாட்டைப் பற்றித் தீர்ப்பு எழுதும் ஆவணப்படங்களைப் பார்த்துப் பழகிய நமக்கு இந்த வித்தியாசம் ஐந்தாவது நிமிஷத்திலேயே தெரிந்துவிடும். யாரும் கேமராவுக்காகப் பேசவில்லை. கோபம் வந்தால் கத்துகிறார்கள், பொய் சொல்கிறார்கள், சமாதானம் ஆகிறார்கள், மறுநாள் மறுபடி ஆரம்பிக்கிறார்கள், அந்த இரண்டு பேரும் பக்கத்து வீட்டுக்காரர் மாதிரி அங்கேயே இருக்கிறார்கள்.

அப்புறம் ‘பிளாக் ஹார்வெஸ்ட்’. இதை நான் அம்மாவோடு சேர்ந்து பார்த்தேன், வசனத்தைத் தமிழில் சொல்லிக்கொண்டே. எங்களுக்கு ஏற்காட்டில் இரண்டு ஏக்கர் காபி இருந்தது, சில்வர் ஓக் நிழலில், இடையிடையே மிளகுக் கொடி. அம்மா கல்யாணத்துக்கு முன்னாலிருந்தே பழம் பறித்தவர். அதனால் இந்தப் படத்தை நான் ஆராய்ச்சியாளர் கண்ணோடு பார்க்கவில்லை, காபிக்காரன் கண்ணோடுதான் பார்த்தேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

சண்டை போட்டுக்கொண்டிருந்த ஜோவும் கனிகா மக்களும் இந்தப் படத்தில் கூட்டாளிகள். நிலமும் உழைப்பும் அவர்களுடையது, பணமும் நிர்வாகமும் ஜோவுடையது, சேர்ந்து ஒரு புதிய தோட்டம் போடுகிறார்கள். இதைத் தன் ஆட்களிடம் பேசிச் சேர்த்துவைத்தவர் போப்பினா மாய் என்ற கனிகா தலைவர். என்னைக் கேட்டால் இந்த மூன்று படத்திலும் மறக்க முடியாத மனிதர் இவர்தான். வயதானவர், போரில் பேர் எடுத்தவர், நல்ல பேச்சுக்காரர், ஜோவின் நண்பர், சாவதற்குள் தானும் பணக்காரனாகிப் பார்த்துவிட வேண்டும் என்ற ஆசையை ஒளிக்காமல் சொல்பவர். காபிச் செடி காய்க்க வருஷக்கணக்கில் ஆகும் இல்லையா, அத்தனை வருஷமும் காத்திருந்து, முதல் பெரிய அறுவடை கைக்கு எட்டும் நேரத்தில் உலகச் சந்தையில் காபி விலை விழுகிறது.

அது எங்கே விழுந்தது? 1989 ஜூலையில், காபி ஏற்றுமதி செய்யும் நாடுகளும் வாங்கும் நாடுகளும் சேர்ந்து வைத்திருந்த ஒதுக்கீட்டு ஏற்பாடு உடைந்தது. அதுவரை இந்த நாடு இவ்வளவுதான் விற்கலாம் என்று ஒரு அளவு இருந்தது, விலையும் ஓரளவுக்கு நின்றது. அந்த அளவு போனதும் எல்லோரும் கையில் இருந்ததைச் சந்தையில் கொட்டினார்கள், விலை ஏறக்குறைய பாதிக்குப் போனது. நெபில்யர் பள்ளத்தாக்கில் இருப்பவருக்கு இதை எப்படிச் சொல்லிப் புரியவைப்பது? ஜோ சொல்லிப் பார்க்கிறார். விலை விழுந்துவிட்டது, கூலியைக் குறைத்துக்கொண்டு பறித்துக் கொடுங்கள், இல்லையென்றால் கடன்காரன் வந்துவிடுவான் என்கிறார். அவர்கள் காதில் விழுவது வேறு: பழம் அதே பழம், செடி அதே செடி, போன வருஷம் ஒரு கூலி, இந்த வருஷம் குறைந்த கூலி, அப்படியென்றால் ஜோ ஏமாற்றுகிறான். பறிக்க மாட்டோம் என்கிறார்கள். அவர்களை நான் குறை சொல்ல மாட்டேன். 2001, 2002 வாக்கில் காபி விலை அடிமட்டத்துக்குப் போனபோது எங்கள் வீட்டுத் திண்ணையில் இதே பேச்சுதான் ஓடியது. எங்கேயோ வியட்நாமில் அதிகம் விளைந்ததற்கும் நம் செடிக்கும் என்ன சம்பந்தம் என்று அப்பா கடைசிவரை ஏற்றுக்கொள்ளவே இல்லை.

இங்கேதான் முதல் படத்தின் சிப்பி ஞாபகம் வருகிறது. ஒருமுறை வெளியிலிருந்து விமானத்தில் வந்த சரக்கு அவர்கள் சேர்த்து வைத்த செல்வத்தின் மதிப்பைக் கரைத்தது. அறுபது வருஷம் கழித்து அவர்களே கையால் வளர்த்த செல்வத்தின் மதிப்பை, கண்ணுக்கே தெரியாத எங்கேயோ ஒரு மேசையில் இருந்தவர்கள் கரைக்கிறார்கள். இந்த இரண்டையும் படம் எங்கேயும் கோடு போட்டு இணைத்துச் சொல்லவில்லை. வரிசையாகப் பார்த்தால் தானாகவே சேர்ந்துகொள்ளும்.

அது போதாதென்று பள்ளத்தாக்கில் குலச்சண்டை மூள்கிறது. கூட்டாளிக் குலத்துக்காகக் கனிகா ஆட்கள் போருக்குப் போகிறார்கள். வில், அம்பு, கேடயம், பிறகு துப்பாக்கியும். தோட்டத்தில் பழம் பழுத்து நிற்கிறது, பறிக்க ஆள் இல்லை. அந்தக் காட்சியைப் பார்த்ததும் அதுவரை சும்மா கேட்டுக்கொண்டிருந்த அம்மா எழுந்து டிவி பக்கத்திலேயே போய் நின்றுவிட்டார். ஐயோ, இன்னும் ரெண்டு நாள் விட்டால் எல்லாம் உதிர்ந்துடுமே என்றார். காபிப் பழம் காத்திருக்காது. சிவந்ததும் பறித்து அன்றைக்கே தோல் உரிக்கும் பல்பர் இயந்திரத்தில் போட்டாக வேண்டும். விட்டால் செடியிலேயே சுருங்கிக் காய்ந்து கருப்பாகிவிடும். படத்தின் பெயருக்கு அர்த்தம் அதுதான், கருத்துப்போன அறுவடை. ஊரில் விழும் சாவுகளுக்கும் அந்தப் பெயர் பொருந்திப் போகிறது.

போப்பினா மீதும் அம்பு படுகிறது. அம்பை உடம்பிலிருந்து எடுக்கும் காட்சி படத்தில் உண்டு. பலவீனமான மனசுக்காரர்களுக்கு எச்சரிக்கையாகச் சொல்கிறேன், பிணங்களும் உண்டு, குழந்தைகளை வைத்துக்கொண்டு பார்க்காதீர்கள். ஆனால் ரத்தத்தைவிட என்னை உடைத்தது கடைசிப் பகுதியில் ஜோவும் போப்பினாவும் பேசிக்கொள்ளும் இடம். ஜோவுக்கு இனி இங்கே இருக்க முடியாது, ஆஸ்திரேலியாவுக்கே போய்விடலாம் என்ற யோசனை வந்துவிட்டது. அவரை ஒருபோதும் மகன் என்று சொல்லாத அப்பாவின் நாட்டுக்கு! போப்பினாவுக்குப் போக வேறு இடமே கிடையாது. பக்கம் பக்கமாக நிற்கும் இரண்டு நண்பர்கள், ஒரே நஷ்டம், ஆனால் ஒருவருக்கு மட்டும் கதவு இருக்கிறது. அதைக் கேமரா தள்ளியும் போகாமல் நெருங்கியும் போகாமல் பார்த்துக்கொண்டிருக்கிறது. இந்த இடத்தில் அம்மாவுக்குத் தமிழில் சொல்வதை நான் நிறுத்திவிட்டேன், அவரும் கேட்கவில்லை.

குறைகளும் சொல்ல வேண்டும். முதல் படத்தில் பெண்கள் அவ்வளவு தைரியமாக, அவ்வளவு தெளிவாகப் பேசுகிறார்கள். இரண்டாவதிலும் மூன்றாவதிலும் பேச்சு பெரும்பாலும் ஆண்களுடையது. பெண்கள் வேலை செய்கிறார்கள், அழுகிறார்கள், ஓரமாக உட்கார்ந்திருக்கிறார்கள். விலை விழுந்ததைப் பற்றி, போரைப் பற்றி, அவர்கள் என்ன நினைத்தார்கள் என்று கேட்க எனக்கு ஆசையாக இருந்தது. பழம் பறிப்பவர்களுக்குக் காபி பற்றித் தெரிந்தது முதலாளிக்குத் தெரியாது, இதை நான் வீட்டிலேயே பார்த்திருக்கிறேன். இன்னொன்று, அடிபட்டுக் கிடக்கும் மனிதர் முன்னால் கேமராவை ஓடவிடுவது சரியா என்ற கேள்வி. படம் இதற்குப் பதில் சொல்வதில்லை. கானலி பின்னால் 2005இல் இந்தப் படம் எடுத்த அனுபவத்தைத் தனிப் புத்தகமாகவே எழுதினார். எனக்கு என்ன தோன்றுகிறது என்றால், முன்பின் தெரியாதவன் வந்து எடுத்திருந்தால் அது திருட்டு. வருஷக்கணக்கில் பக்கத்தில் குடியிருந்தவன் எடுக்கும்போது அதற்கு வேறு பொறுப்பு வருகிறது. அந்தப் பொறுப்பை இவர்கள் சுமந்தார்கள் என்றே நான் நம்புகிறேன்.

இதே காலத்தில் இதே நாட்டில் டென்னிஸ் ஓ'ரூர்க் என்ற இன்னொரு ஆஸ்திரேலியரும் படம் எடுத்துக்கொண்டிருந்தார். 1975 செப்டம்பர் 16 சுதந்திர தினத்தை வைத்து ‘யூமி யெட்’, நியூ அயர்லாந்து தீவில் தேங்காய் ஓட்டுக் கிலுகிலுப்பையைத் தண்ணீரில் ஆட்டிச் சுறாவைக் கூப்பிட்டு, கையாலேயே சுருக்குப் போட்டுப் பிடிக்கும் மனிதர்களைப் பற்றி ‘தி ஷார்க்காலர்ஸ் ஆஃப் கோன்ட்டு’, செபிக் ஆற்றில் கப்பலில் வரும் வெள்ளைக்காரச் சுற்றுலாப் பயணிகளைப் பற்றி 1988இல் ‘கேனிபல் டூர்ஸ்’. கடைசிப் படம் உலகம் முழுக்கக் கல்லூரிகளில் காட்டப்படுவது, பேரமும் போட்டோவுமாகத் திரியும் அந்தப் பயணிகளைப் பார்த்தால் கோபம் வரும். எனக்கு மூன்றுமே பிடிக்கும். ஆனால் ஓ'ரூர்க் படத்தில் அவர் என்ன நினைக்கிறார் என்பது நமக்குச் சீக்கிரம் தெரிந்துவிடுகிறது. கானலி, ஆண்டர்சன் படத்தில் நாம் நினைத்தது அடுத்த காட்சியில் தப்பாகிப் போகிறது. எது வேண்டும் என்பது அவரவர் விருப்பம். எனக்கு இரண்டாவது வகை அதிக நாள் மனசில் நிற்கிறது. மெலனீசியா (நியூ கினியும் அதன் கிழக்கே உள்ள தீவுகளும்) பற்றி ஒன்றுமே தெரியாமல் ஆரம்பிப்பவர்களுக்கு ‘ஷார்க்காலர்ஸ்’ நல்ல துணை, ஏனென்றால் மேட்டுநிலத்தை மட்டும் பார்த்துவிட்டுப் பப்புவா நியூ கினி முழுக்க இப்படித்தான் என்று நினைத்துவிடக்கூடாது. எண்ணூறுக்கும் மேற்பட்ட மொழி பேசும் நாடு அது.

டிவிடி பற்றி. படத்தரம் அந்தக் கால 16 எம்எம் படத்துக்குரியது, கொஞ்சம் மணல் மணலாக இருக்கும், நிறம் இரண்டாவது படத்தில் லேசாக மங்கல். பெரிய டிவியைவிட லேப்டாப்பில் நன்றாக இருந்தது. ஒலி தெளிவு, போர்க் காட்சியில்கூட யார் எங்கே கத்துகிறார் என்று பிரித்துக் கேட்கலாம், அது ராபின் ஆண்டர்சனின் கை. சப்டைட்டில் ஆங்கிலத்தில் மட்டும்தான், அதுவும் சில இடங்களில் வேகமாக ஓடிவிடுகிறது. நான் அம்மாவுக்காக அடிக்கடி நிறுத்தி நிறுத்தித்தான் போனேன். மூன்றையும் ஒரே நாளில் பார்க்க வேண்டாம். முதல் இரண்டையும் அடுத்தடுத்த நாளில் பார்க்கலாம், மூன்றாவதுக்கு ஒரு வாரம் விடுங்கள். காபி, தேயிலை, மிளகு என்று ஏதாவது ஒரு மலைப்பயிரோடு சம்பந்தம் உள்ளவர்கள் கண்டிப்பாகப் பாருங்கள். ஆவணப்படம் எடுக்க நினைக்கும் பிள்ளைகள் இரண்டாவதைப் பாருங்கள், அதில் ஒரு கூட்டத்தில் எந்த முகத்தை எப்போது காட்டுவது என்பதற்கே பாடம் இருக்கிறது.

நியூ கினிக்குப் பிறகு இவர்கள் சிட்னியிலேயே படம் எடுத்தார்கள். ஒரு உள்ளூர் நகரசபையில் மேயர் தேர்தல் எப்படி நடக்கிறது என்று ‘ராட்ஸ் இன் த ராங்க்ஸ்’ (1996), பல்கலைக்கழக இசைத் துறை ஒன்று பணமில்லாமல் தவிப்பதைப் பற்றி ‘ஃபேசிங் த மியூசிக்’ (2001). அதற்கு அடுத்த வருஷம் ராபின் ஆண்டர்சன் புற்றுநோயில் இறந்துவிட்டார். ‘பிளாக் ஹார்வெஸ்ட்’ இரண்டாவது தடவை பார்க்கும்போது இது தெரிந்திருந்தது, அதனால் ஒவ்வொரு குரலையும், கேடயத்தில் அம்பு படும் சத்தத்தையும், மைக்கைப் பிடித்துக்கொண்டு அங்கே நின்றது அவர்தான் என்ற நினைப்போடு கேட்டேன்.

இப்போது மூன்று டிஸ்க்கும் குன்னூரில் இருக்கும் நண்பர் ஒருவரிடம் இருக்கின்றன. அவருக்குக் காபி இல்லை, தேயிலை. உறையின் மேல் ஒன்று, இரண்டு, மூன்று என்று பேனாவால் எழுதித்தான் கொடுத்தேன். நேற்று போன் பண்ணினார், இரண்டாவது முடிந்ததாம், ஜோவுக்கும் கனிகா மக்களுக்கும் அடுத்து என்ன ஆகிறது என்று கேட்டார். நான் சொல்லவில்லை.